ஐந்தாம் ரீலை வெட்டியவன் நான்

ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முழுக்குப் போட்டவன் நான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு யாரும் கண்டுபிடித்துச் சொல்லத் தேவையில்லை. அந்தப் படிப்போடு இந்த ரொறன்ரோவில் நான் செய்தவற்றைக் கேளுங்கள். ஸ்காபரோவில் இருபது மாடிக் கட்டடம் ஒன்றின் பராமரிப்பாளன் ஆனேன். அந்த வேலையைச் 'சூப்பர்' என்பார்கள். மூன்று வெள்ளைக்காரச் சூப்பர்கள் வருடத்துக்கு ஒருவராக விட்டுவிட்டு ஓடிய கட்டடம் அது. நான் பதினோரு வருடம் நின்று பிடித்தேன். கொம்பனிக்காரன் வருவதற்குள் எலிவேற்றரை நானே ஓட வைத்திருக்கிறேன். அது போதாதென்று காலையில் ஒரு மீன்கடைக்குக் குளிர் வான் ஓட்டினேன். மூன்று பெண்பிள்ளைகளைப் படிப்பித்து ஆளாக்கினேன். பிறகு சொந்தமாகத் துப்புரவுக் கொம்பனி. இன்று ஸ்காபரோவுக்குக் கிழக்கே ரூஜில் நான் இருக்கும் வீட்டில் என் கை படாத சுவர் இல்லை. றிச்மண்ட் ஹில் கோயிலுக்குப் போகக் கார் இல்லாமல் எங்கள் சனம் தவித்த காலத்தில், அந்தக் கட்டடத்தின் பேஸ்மென்ற்றில் கும்பிடுவதற்கு ஓர் அறை கட்டிக் கொடுத்தவனும் நான்தான்.

இதற்கெல்லாம் சாட்சி இருக்கிறது. ஒன்றுக்கு மட்டும் இல்லை. ஒரு ஸ்பானியப் படத்தை அழியாமல் காப்பாற்றினேன். அதை எழுதத்தான் உட்கார்ந்தேன்.

பதினாறாம் மாடியில் அந்த ஸ்பானிய அம்மா தனியாக இருந்தார். எழுபது வயது கடந்தவர். உடுப்புத் தோய்க்கும் அறைக்கு வரும்போதுகூட உதட்டுச் சாயமும் கறுப்புக் கண்ணாடியும் இருக்கும். எங்கள் சனம் தங்களுக்குள் அவரை 'மகாராணி' என்று கதைத்தது. ஸ்படைனாத் தெருவில் ஓர் உடுப்புத் தொழிற்சாலையில் இருபது வருடம் சட்டைக் கொலர் தைத்தவர் என்பதற்கு மேல் யாருக்கும் எதுவும் தெரியாது. எனக்கும் தெரியாது, ஒரு நாள் அவர் வீட்டுக் குழாய் ஒழுகும் வரை.

குழாயைப் பூட்டிவிட்டுத் திரும்பினால் சுவர் நிறையப் படங்கள். எல்லாம் ஒரு பெண்தான். வேலைக்காரி உடுப்பில், குறி சொல்பவள் உடுப்பில், கன்னியாஸ்திரி உடுப்பில். நான் கிட்டப் போய்ப் பார்த்தேன்.

"இது போட்டோக் கடையிலை எடுத்தது இல்லை. சினிமாவுக்குப் போட்ட வெளிச்சம்," என்றேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றினார். அதுவரை அவர் கண்ணை நான் கண்டதில்லை. "உனக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டார். இரண்டு பேருக்கும் உடைந்த ஆங்கிலம். அவர் பேசியதை என் தமிழில்தான் எழுத முடியும்.

எனக்குத் தெரியாமல் யாருக்குத் தெரியும்? யாழ்ப்பாணத்தில் ஒரு தியேட்டரில் ஒன்பது வருடம் புறொஜெக்ரர் ஓட்டினேன். ஒப்பரேற்றர் என்று எங்களுக்குப் பெயர். படம் பார்க்கச் சனம் முன்பக்கம் இருக்கும். படத்தைத் தொட்டுப் பார்த்தவர்கள் நாங்கள் மட்டும்தான். இதைச் சொன்னதும் அவர் எனக்குக் கோப்பி ஊற்றினார். அன்றிலிருந்து பத்துப் பதினைந்து தடவை அந்த வீட்டில் குழாய் ஒழுகியிருக்கும்.

அவர் கதை இதுதான். அவர்களுடைய நாட்டுச் சண்டை முடிந்த பஞ்ச காலத்தில், பதினாறு வயதில், மட்றிட் நகரத்து நாடக மேடையில் பின்வரிசையில் ஆடினாராம். படக்கொம்பனிக்காரன் ஒருவன் வரிசையாக எல்லாப் பெட்டையளையும் வாயைத் திறக்கச் சொன்னான். சாப்பாடில்லாமல் முக்கால்வாசிப் பேருக்குப் பல் கெட்டிருந்தது. "என்ர பல்லைப் பாத்துத்தான் எடுத்தவங்கள். முகத்தைப் பாத்து இல்லை," என்றார். பதினொரு படம் நடித்தார். எல்லாம் இரண்டாம், மூன்றாம் வேசம்.

"பதினொண்டிலை ஏழு படத்திலை நான் செத்துப்போவன். அழகாச் சாவன். என்னைப் போலச் சாக அங்கை ஒருத்தியும் இல்லை," என்று சொல்லிச் சிகரெட்டைப் பற்றவைத்தார்.

பன்னிரண்டாவது படத்தில்தான் அவர் கதாநாயகி. கடலில் போன புருசன் திரும்பி வரவில்லை. ஊரே கூடி அவனுக்குக் கோயிலில் பூசை செய்கிறது. முன்வரிசையில் கறுப்புச் சீலையோடு இருக்கும் அந்தப் பெண் சிரிக்கத் தொடங்குகிறாள். இசை இல்லை, வசனம் இல்லை. சிரிப்பு மட்டும். கமெரா அவள் முகத்தைவிட்டு அசையவில்லை. ஏன் சிரிக்கிறாள் என்று படம் கடைசிவரை சொல்லாதாம்.

ஆறு நாள் ஓடியது. பாதிரிமாருக்குக் கோபம், தணிக்கைக்காரருக்குக் கோபம். படத்தை இறக்கினார்கள். முதலாளி நொடித்துப் போனான். மூலப் பிரதியையும் மற்றப் பிரதிகளையும் பழைய பிலிம் வாங்கும் ஒருவனுக்குத் தூக்கிக் கொடுத்தான். அவன் பிலிமில் இருக்கும் வெள்ளியைக் கழுவி எடுத்துவிட்டு மிச்சத்தை உருக்கிச் சீப்புச் செய்பவன்.

"என்னைச் சீப்பாக்கிப் போட்டாங்கள். ஆரோ ஒருத்தி என்னாலை தலை இழுத்திருப்பாள்," என்றார்.

அதற்குப் பிறகு சாகிற வேசம்கூட யாரும் தரவில்லை. அவர் கப்பலேறுமுன் ஒரு சின்னத் துறைமுக ஊர்த் தியேட்டரில் இருந்து ஓர் ஒப்பரேற்றர் வந்தான். அவனிடம் இருந்த பிரதியை அவன் திருப்பி அனுப்பவில்லை. எட்டு ரீல்களையும் ஒரு தகர றங்குப்பெட்டியில் வைத்துக் கொடுத்தான். ஆர்ஜென்ரீனா, கனடா, இரண்டாம் புருசன், அந்தப் புருசனின் செத்தவீடு எல்லாவற்றோடும் அந்தப் பெட்டி கூடவே வந்தது. உலகத்தில் அந்தப் படம் வேறெங்கும் இல்லை.

ஒரு செப்ரெம்பர் மாதக் கடைசித் திங்கட்கிழமை அவருக்குக் கடிதம் வந்தது. பல்கலைக்கழகத்தில் சினிமா படிப்பிக்கும் பேராசிரியர் ஒருவர் எழுதியிருந்தார். அழிந்துபோன அந்தப் படத்தைப் பற்றி அவருடைய நினைவுகளைக் கேட்டுப் பதிவு செய்ய வேண்டுமாம். கடிதத்தை என் முகத்துக்கு நேரே பிடித்து, "அழிஞ்சுபோச்சாம்," என்று அவர் சிரித்த சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. "பெட்டியை மேலை கொண்டு வா. அந்த ஆளுக்கு முன்னாலை திறக்க வேணும்."

கீழே போனேன். பேஸ்மென்ற்றில், குடியிருப்பவர்கள் சாமான் பூட்டி வைக்கும் லொக்கர் அறைக் கதவைத் திறந்தவுடன் வாசம் அடித்தது. புளித்த காலுறையையும் பழுதான பற்றரியையும் சேர்த்துப் பொத்திவைத்தது போல. இருபத்தைந்து வருடமாக மறந்திருந்த வாசம்.

பழைய கால பிலிம் இந்தக் காலத்துப் பிலிம் மாதிரி இல்லை. நாள் போகப் போகத் தனக்குள்ளேயே புளிக்கும். புளித்ததற்குச் சூடு பட்டால் நெருப்புக்குச்சி தேவையில்லை, தானாகவே பற்றும். தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. அதனால் எங்கள் ஒப்பரேற்றர் அறைக்குத் தகரக் கதவு போட்டிருந்தார்கள். எனக்கு முன் அந்த அறையில் வேலை செய்தவருக்கு இரண்டு கையிலும் விரல்கள் ஒட்டிப்போயிருந்தன.

இப்போது நான் செய்த பிழையையும் எழுதத்தான் வேண்டும். கும்பிடும் அறைக்கு இடம் எடுக்க, வசந்தகாலத்தில் லொக்கர்களை நான்தான் கராஜ் பக்கத்துக் குளிரில் இருந்து, கட்டடத்துக்குச் சுடுதண்ணியும் சூடும் கொடுக்கும் பொயிலரின் சுவரோடு தள்ளி வைத்தேன். அந்த அம்மா கீழே வருவதே இல்லை என்பதால், பூசைச் சாமான் வைக்க அவருடைய லொக்கர்ப் பூட்டின் திறப்பை அந்த அறையில் பாடும் பஜனைக்காரருக்குக் கொடுத்தவனும் நான்தான். றங்குப்பெட்டிக்கு மேலே கற்பூரப் பெட்டிகள் அடுக்கியிருந்தார்கள். பக்கத்தில் இரண்டு கலன் விளக்கெண்ணெய், நெருப்புப்பெட்டிக் கட்டு, ஊதுபத்தி. அதற்கு அங்கால் ஒரு பிளைவூட் சுவர். சுவருக்கு அங்கால் சாமி. வசந்தகாலம் தொடங்கி வெள்ளிக்கிழமை தவறாமல் நாற்பது ஐம்பது பேர், குஞ்சு குருமான்களோடு, அந்தச் சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு தேவாரம் பாடியிருக்கிறார்கள்.

பெட்டியின் தகரத்தைத் தொட்டேன். காய்ச்சல்காரன் நெற்றி போல இருந்தது. திறந்தேன். எட்டு வட்டத் தகரங்களில் ஏழு பரவாயில்லை. ஐந்தாவதின் மூடி உப்பியிருந்தது. நெம்பித் திறந்தால், மேல் சுற்றெல்லாம் பிலிமாக இல்லை. பனம் பாணி போல மஞ்சளாய் உருகி ஒட்டிக் கிடந்தது.

மெல்ல மூடினேன். கற்பூரத்தையும் எண்ணெயையும் இரண்டு கையாலும் அள்ளிக்கொண்டு வெளியே வந்தேன். புதன் பின்னேரம் பொயிலர் கொம்பனிக்காரன் வந்து வீடுகளுக்குச் சூடு திறந்துவிடுவான். வெளியே கொடும் வெயில் எரித்தாலும் ஒக்ரோபர் பிறந்தால் திறக்க வேண்டும், அது சட்டம். வியாழன் நவராத்திரித் தொடக்கம். ஒன்பது நாளும் அணையா விளக்கு.

பஜனைக் குழுத் தலைவர் ஊரில் முப்பது வருடம் இரசாயனம் படிப்பித்தவர். எல்லாரும் மாஸ்டர் என்போம். அவரிடம் போய், இந்த முறை நவராத்திரியை வேறு இடத்தில் வையுங்கோ என்றேன்.

"ஆர் சொன்னது? மனேச்மென்ற்றோ?"

"இல்லை மாஸ்டர், நான்தான் சொல்லுறன். சுவருக்கு அங்காலை பழைய பிலிம் கிடக்கு. வெடிமருந்து மாதிரி."

"பிலிமோ? என்ர மகளின்ர கலியாண வீடியோவும் அலுமாரிக்குள்ளை கிடக்கு. அதுவும் வெடிக்குமோ?" பக்கத்தில் நின்ற இரண்டு பேர் சிரித்தார்கள்.

"மாஸ்டர், அது வேறை சாதிப் பிலிம். உங்களுக்கு இரசாயனம் தெரியும். எனக்கு அதின்ர வாசம் தெரியும்."

"சூப்பர், நீர் எத்தினையாம் வகுப்பு மட்டும் படிச்சனீர்?"

பதிலுக்கு அவர் காத்திருக்கவில்லை.

"கும்பத்துக்கு ஆள் சொல்லியாச்சு. ஐயருக்குச் சொல்லியாச்சு. பூசை நடக்கும். நீர் போய் எலிவேற்றரைப் பாரும்."

மேலே போனேன். தீயணைப்புக்காரருக்குச் சொல்லப் போகிறேன் என்று அந்த அம்மாவிடம் சொன்னேன்.

"சொன்னால் என்ன செய்வாங்கள்?"

"கொண்டுபோய் எரிப்பாங்கள். வேறை வழி இல்லை."

அவர் கதிரையில் இருந்து எழும்பவில்லை. குரலையும் உயர்த்தவில்லை. "பன்னிரண்டு படத்திலை நான் உசிரோடை இருக்கிற படம் அது ஒண்டுதான். அதையும் எரிச்சால் நான் கொலர் தைச்ச மனிசி மட்டும்தான். போய்ச் சொல்லு. நான் உன்னை மறிக்கேல்லை."

அப்படிச் சொன்னவரை விட்டுவிட்டு எப்படிப் போவது? அவரைக் கொண்டே பேராசிரியருக்கு ரெலிபோன் எடுப்பித்தேன். படம் இருக்கிறது என்று கேட்டதும் அந்த மனுசன் எத்தனை ரீல் என்று மூன்று தரம் கேட்டார். பிறகு, தொடவேண்டாம், அசைக்கவேண்டாம் என்றார். ஒட்டாவாப் பக்கத்தில் இப்படியான பிலிமுக்கென்றே ஒரு குளிர்க்களஞ்சியம் இருக்கிறதாம். விலாசத்தைச் சொன்னார். பத்திரங்கள் எழுதி ஒழுங்குபண்ணி ஆள் அனுப்ப மூன்று கிழமை ஆகுமாம். எனக்கு இருந்தது இரண்டு நாள்.

நானே வானில் கொண்டுபோகப் போகிறேன் என்று என் மனுசியிடம் சொன்னேன்.

"இஞ்சேருங்கோ, உங்களுக்கு விசரே? ஆரோ ஒரு கிழவியின்ர படத்துக்கு என்ர தாலியோ?"

"நான் ஒப்பரேற்றர். எனக்கு அதைக் கையாளத் தெரியும்."

"நீங்கள் சூப்பர். குழாய் பூட்டுறவர். அதை ஞாபகம் வைச்சுக்கொள்ளுங்கோ." ஆனால் விடிய எழும்பினால் மேசையில் இரண்டு சோற்றுப் பார்சல் கட்டி வைத்திருந்தாள். இரண்டாவது யாருக்கென்று நான் கேட்கவில்லை.

புதன் காலை மீன் இறக்கி முடித்ததும் வானைத் திருப்பிக் கொடுக்கவில்லை. பின் வாசலுக்குக் கொண்டுவந்தேன். எட்டுத் தகரங்களையும் எட்டு மீன்பெட்டிகளில் தனித்தனியாக, ஈரச் சாக்குச் சுற்றி, ஐஸ் போட்டு வைத்தேன். ஒன்றோடு ஒன்று முட்டக்கூடாது. ஒன்று கெட்டால் அதன் மூச்சுப் பட்டே மற்றதும் கெடும். முன் சீற்றைத் திறந்துகொண்டு அந்த அம்மா ஏறினார். அந்த வெயிலில் உரோமக் கோட்டு, கையுறை, கறுப்புக் கண்ணாடி.

"நீங்கள் வரவேண்டாம்."

"என்ர படத்துக்கு நான் போகாமல் ஆர் போறது?"

நானூற்றியொன்றாம் பெருந்தெருவில் கிழக்கே போனோம். பிக்கரிங் தாண்டவில்லை, கைப்பையைத் திறந்து சிகரெட்டை எடுத்து வாயில் வைத்தார். லைற்றர் கிளிக் என்று ஒருமுறை சத்தம் போட்டது. பற்றவில்லை. இரண்டாம் முறை அமத்துமுன் நான் பறித்து யன்னல் கண்ணாடியால் வெளியே எறிந்துவிட்டேன். பின்னால் வந்த லொறிக்காரன் கோர்ன் அடித்தான். எங்கள் முதுகுக்குப் பின்னால் ஒரு தகரச் சுவர், அதற்குப் பின்னால் எட்டுப் பெட்டி. அதன் பிறகு அவர் கை மடியில் இருந்து அசையவில்லை.

பெல்வில் தாண்டியதும் வானின் குளிர் இயந்திரம் இரண்டு முறை இருமிவிட்டு நின்றது. முதலில் சத்தம் நின்றதுதான் தெரிந்தது. கால் மணி நேரத்தில் அந்த வாசம் முன்பக்கத்துக்கு வந்தது. அவருக்கும் மணத்திருக்க வேண்டும். கையுறையால் மூக்கைப் பொத்தினார்.

பெருந்தெருவை விட்டு இறங்கி ஒரு சோளத் தோட்டத்துப் பக்கம் நிறுத்தினேன். ஆள் நடமாட்டம் இல்லை. பின்கதவைத் திறந்தால் ஐந்தாம் பெட்டியின் ஐஸ் முழுக்கத் தண்ணீர். மற்றப் பெட்டிகளில் ஐஸ் இருக்கிறது. தகரத்தை ஈரச் சாக்கால் பிடித்தும் சூடு கைக்கு வந்தது. நினைக்க நேரம் இல்லை. அப்படியே முழு ரீலையும் எறிந்திருக்கலாம். வேறு எவனும் எறிந்திருப்பான். நான் திறந்து பார்த்தேன். வெளிச்சுற்றுகள், அதாவது முதலில் ஓடும் பாதி, பாணி. உள்ளே, நடுவுக்குக் கிட்ட, பிலிம் பிலிமாகவே இருந்தது.

எங்கள் ஒப்பரேற்றர் வேலையில் ஒரு முறை இருக்கிறது. பழுது முடிகிற இடத்தில் வெட்டக்கூடாது. நல்லதிலும் ஒரு முழம் சேர்த்து வெட்ட வேண்டும். பழுது கண்ணுக்குத் தெரியுமுன்னே உள்ளே போயிருக்கும். முழங்கையை வைத்து அளந்தேன். மீன் வெட்டும் கத்தரிக்கோல் கையில் இருந்தது. ஒரு முழம் பிலிம் என்பது திரையில் ஒரு செக்கன்.

வெட்டுமுன் அந்த ஒரு முழத்தை வெயிலுக்கு நேரே பிடித்துப் பார்த்தேன். தெளிவாக இருந்தது. கறுப்புச் சீலை, மெழுகுதிரி, அவர் முகம். மூடியிருந்த உதடு கட்டம் கட்டமாகத் திறக்கிறது. பல் தெரியத் தொடங்குகிறது.

முன் சீற்றில் இருந்து கேட்டார். "என்ன தெரியுது?"

"ஒண்டும் இல்லை அம்மா. எல்லாம் பாணி."

வெட்டினேன். நல்லதை வேறு பெட்டியில் ஐஸுக்குள் புதைத்தேன். வெட்டியதைத் தூக்கிக்கொண்டு ஓடி வாய்க்கால் தண்ணீருக்குள் போட்டுவிட்டு, வானை நூறு யார் தூரம் தள்ளி நிறுத்தினேன். இரண்டு பேரும் இறங்கிப் பார்த்துக்கொண்டு நின்றோம். முதலில் ஒன்றும் இல்லை. பிறகு தண்ணீரின் மேல் மஞ்சள் புகை. பிறகு தண்ணீருக்குள்ளேயே வெளிச்சம். நெருப்பு அணையவில்லை, வாய்க்கால்தான் கொதித்தது. கரையோரத்துப் புல் கருகியது. அது எவ்வளவு நேரம் எரிந்தது என்று எனக்குச் சொல்லத் தெரியாது. எனக்கு அந்த வாய்க்கால் தெரியவில்லை. பிளைவூட் சுவரும், அதில் முதுகு சாய்த்த பிள்ளைகளும்தான் தெரிந்தார்கள்.

"எந்த ரீல்?" என்று கேட்டார்.

"அஞ்சு. பாதிதான் போச்சு."

அவர் தலையை ஆட்டினார். எந்தப் பாதி என்று அவருக்குத் தெரியும். ஏறி இருந்து கதவைச் சாத்தினார். மனுசி கட்டித் தந்த சோற்றை ஒட்டாவா போகும் வரை அவரும் திறக்கவில்லை, நானும் திறக்கவில்லை.

களஞ்சியத்து வாசலில் காவல்காரன் பத்திரம் கேட்டான். பத்திரம் இல்லை. உள்ளேயிருந்து ஒரு வயதான வெள்ளைக்காரர் வந்தார். வானின் பின்கதவைத் திறந்து ஒருமுறைதான் மூக்கை வைத்தார். அதற்குப் பிறகு பத்திரத்தைப் பற்றி யாரும் பேசவில்லை. பத்து நிமிடத்தில் பெட்டிகள் உள்ளே போய்விட்டன. ஐந்தாம் ரீலின் வெட்டை அவர் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "யார் வெட்டியது?" என்றார். நான் கையைக் காட்டினேன். அவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். இன்றுவரை என் கையைக் குலுக்கியது அந்த ஒரு மனுசன்தான்.

வியாழக்கிழமை நவராத்திரி தொடங்கியது. பொயிலர் எரிந்தது, சுவர் கொதித்தது, மாஸ்டர் அதில் சாய்ந்திருந்து பாடினார். அவர்களுக்கு எதுவும் நடக்கவில்லை. அதனால் நான் சொன்னது பொய் என்று ஆகிவிட்டது.

அந்த அம்மா இரண்டு பனிக்காலம் கழித்து நித்திரையில் போனார். திருத்திய படத்தை அவர் காணவில்லை. அவர் போய் ஒரு வருடத்துக்குப் பிறகு நகர மத்தியில் ஒரு மண்டபத்தில் போட்டார்கள். நானும் மனுசியும் மூன்றாம் வரிசையில் இருந்தோம். கோயில் கட்டம் வந்தது. கதவு திறக்கிறது, உடனே அவர் வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருக்கிறார். எங்கே தொடங்கினார் என்று இல்லை. அந்தச் சிரிப்பின் முதல் செக்கனைக் கடைசியாகக் கண்டவன் இந்த உலகத்தில் நான் ஒருவன்தான்.

படம் முடிந்து எழுத்து ஓடியது. பேராசிரியர், பல்கலைக்கழகம், களஞ்சியம், பிலிமைக் கழுவிய கூடம், காசு கொடுத்தவர்கள். கையில் தந்த புத்தகத்தில் ஒரு வரி இருந்தது. வீட்டுக்கு வந்ததும் மகள் வாசித்துச் சொன்னாள். பயிற்சியில்லாதவர்களின் கையாளுகையால் ஐந்தாம் ரீலின் முன்பாதி அழிந்துவிட்டதாம்.

பயிற்சியில்லாதவர்.

பேராசிரியர் ஐயா, நீங்கள் நல்ல மனுசன். அவருடைய பதினொரு படங்களையும் தேடிப் பிடித்தீர்கள், புத்தகம் எழுதினீர்கள். அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் உங்கள் மூன்று கிழமைக்குக் காத்திருந்தால் உங்களிடம் ஐந்தாம் ரீலும் இல்லை, மற்ற ஏழும் இல்லை, ஒரு கட்டடமும் இல்லை. அந்த ஒரு முழத்தில் அவர் முகம் இருந்தது என்பதை இத்தனை வருடம் ஒளித்தேன். இன்று எழுதிவிட்டேன். அந்தப் பழியை நான் எடுக்கிறேன். ஆனால் பழி என்னுடையதென்றால் மிச்சமும் என்னுடையதுதான்.

அடுத்த முறை அந்தப் படத்தைப் போடும்போது புத்தகத்தில் இருக்கும் வரியை எடுத்துவிடுங்கள். திரையில் ஓடும் எழுத்தில், களஞ்சியத்துக்கு முன்னால், என் பெயரைப் போடுங்கள். பெயருக்குப் பக்கத்தில் ஒப்பரேற்றர் என்று போடுங்கள். முன்பாதியை வெட்டியவர், பின்பாதியையும் மற்ற ஏழு ரீல்களையும் கொண்டுவந்து சேர்த்தவர் என்று, இரண்டையும் ஒரே வரியில், ஒரே அளவு எழுத்தில்.